அப்பா உன்னிடம் மட்டும் சொன்னது

என் மகனுக்கு,

நீ சௌக்கியமா என்று கேட்டு இந்தக் கடிதத்தைத் தொடங்கப் போவதில்லை. சௌக்கியமாக இருக்கமாட்டாய், தெரியும். சாப்பாடு இறங்கியிருக்காது, முகத்தில் ஒரு வாரத் தாடி இருக்கும், சினேகிதன் கட்டிலுக்குப் பக்கத்தில் பாயைப் போட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருப்பாய். குஷாய்குடாவிலிருந்து மாரெட்பள்ளிக்குத் தபால் போடுகிற பைத்தியக்காரி இந்த ஊரில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். ஒரு பஸ் மாறினால் வந்து நிற்கலாம். வந்தால் சண்டை போடுவேன். நீயும் "நக்கோ மா, வேண்டாம், இப்ப பேசாதே" என்று முகத்தைத் திருப்பிக்கொள்வாய். எழுதினால் நீ குறுக்கே பேச முடியாது, என்னாலும் கத்த முடியாது. அதற்காகத்தான் காகிதத்தை எடுத்தேன்.

அப்பாவின் பதினாறாம் நாள் விசேஷம் முடிந்த கையோடு பையைத் தூக்கிக்கொண்டு போனவன், அதற்குப் பிறகு இந்த வீட்டு வாசலை மிதிக்கவில்லை. ஆஸ்பத்திரி டியூட்டிக்கும் போகவில்லை என்று கேள்விப்பட்டேன். நேற்று அப்பாவின் கம்பெனி பர்சனல் ஆபீஸ் குமாஸ்தா என்னைக் கடைத்தெருவில் நிறுத்தி வாழ்த்துச் சொன்னார். "உங்க பையன் திங்கக்கிழமை வந்து கையெழுத்துப் போடறேன்னு சொல்லியனுப்பிட்டாரும்மா. அப்பா போன இடத்துல பிள்ளை. நல்லபடியா முடிஞ்சுது" என்றார். நான் தலையாட்டிவிட்டு வெங்காயம் வாங்கினேன். பெற்ற பிள்ளை வேலையை மாற்றிக்கொள்ளப் போகிறான் என்கிற செய்தி எனக்கு வெங்காயக் கடை வாசலில் கிடைக்கிறது.

இந்தக் காலனியில் இருக்கிற யாரைக் கேட்டாலும் நீ செய்வது சரி என்றுதான் சொல்வார்கள். வேலையில் இருக்கும்போது அப்பா செத்துப்போனால் பிள்ளைக்குக் கருணை அடிப்படையில் வேலை. அது இங்கே தாலி மாதிரி, வேண்டாம் என்று யாரும் சொல்லிக் கேட்டதில்லை. நீ கையெழுத்துப் போட்டால் இந்த குவார்ட்டர்ஸ் நம்மிடமே இருக்கும். கம்பெனி பஸ்ஸில் ஏறிப் போய், ஸ்டோர்ஸ் டிபார்ட்மென்டில் உட்கார்ந்து, சங்கு ஊதினதும் திரும்பி வரலாம். "மாப்பிள்ளை நர்ஸா?" என்று ஒரு மாதிரி சிரித்த பெண் வீட்டாரும் மறுபடி ஜாதகத்தைக் கேட்டனுப்புவார்கள். எல்லாம் எனக்குத் தெரியும். தெரிந்தும் சொல்கிறேன், நீ அதில் கையெழுத்துப் போடாதே. இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், உன்மேல் எனக்கு இன்னும் கோபம் ஆறவில்லை. இரண்டும் என் மனசில் பக்கத்துப் பக்கத்துக் கட்டிலில் கிடக்கின்றன.

நீ நர்ஸிங்கில் சேர்ந்த கதையை நீ வேறு மாதிரி ஞாபகம் வைத்திருக்கலாம். நான் பார்த்த மாதிரி சொல்கிறேன். எங்கள் நர்ஸிங் பள்ளியில் பையன்களையும் சேர்த்துக்கொள்வது என்று முடிவானபோது, பிரின்சிபால் அம்மா என்னைக் கூப்பிட்டுப் பையன்களைப் பிடித்துவரும் வேலையைக் கொடுத்தார். ட்யூட்டர்களில் ஆம்பிளைப் பிள்ளை பெற்றவள் நான் ஒருத்திதானாம், பையன்களோடு பேசத் தெரியுமாம். சனிக்கிழமைகளில் வெள்ளைச் சேலையைக் கட்டிக்கொண்டு ஜூனியர் காலேஜ் ஜூனியர் காலேஜாகப் போனேன். லாலாகுடா ரயில்வே காலனிப் பக்கம் போனேன், மாரெட்பள்ளிப் பக்கம் போனேன். எங்கேயும் மரியாதையாக உட்கார வைத்து டீ கொடுத்தார்கள். பையன்களை மட்டும் கொடுக்கவில்லை.

கடைசியில் உன் வகுப்புக்கே வந்தேன். நீ இன்டர் இரண்டாம் வருடம். மூன்றாவது பெஞ்சில் ஜன்னலோரம் உட்கார்ந்து, என்னைத் தெரியாதவன் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டிருந்தாய். ஆம்பிளை வார்டுகளுக்கு பலமான கைகள் வேண்டும் என்று ஆரம்பித்தேன். எலும்பு முறிந்தவர்களைத் தூக்க வேண்டும், கிடையில் இருப்பவர்களைப் புரட்டிப் போட வேண்டும், படித்து முடித்தால் வளைகுடாவுக்குப் போகலாம், இங்கேயே இருந்தால் சீக்கிரம் சூப்பரின்டெண்டு ஆகலாம் என்றெல்லாம் அடுக்கினேன். பின் பெஞ்சிலிருந்து ஒருவன், "டோப்பி பீ பெஹன்னா க்யா மேடம்?" என்றான். எங்கள் தலையில் இருக்கிற அந்தத் தொப்பியைத் தாங்களும் போட வேண்டுமா என்று கேட்கிறான். வகுப்பே மேஜையைத் தட்டிச் சிரித்தது, லெக்சரரும் கர்ச்சீப்பால் வாயைத் துடைக்கிற மாதிரி சிரித்தார். சிரிப்பு அடங்கின பிறகு, விருப்பம் உள்ளவர்கள் கையைத் தூக்குங்கள் என்றேன். யாரும் தூக்கவில்லை. நான் நின்றுகொண்டே இருந்தேன். அப்போதுதான் நீ தூக்கினாய்.

நர்ஸிங்மேல் ஆசைப்பட்டு நீ கையைத் தூக்கினாய் என்று நான் அன்றும் நம்பவில்லை. உன் அம்மா அத்தனை பேர் முன்னால் ஒற்றையாக நிற்கிறாளே என்று தூக்கினாய். அது எனக்குத் தெரிந்தது, தெரிந்தும் பேரை எழுதிக்கொண்டேன். ஒரு பையன் சேர்ந்தால் நாலு பையன் வருவான் என்கிற பேராசை. வந்தார்கள்தான். உன்னோடு சேர்த்து ஒரு பெஞ்சு நிறைந்தது.

அப்பா அன்றைக்குக் கம்பெனி டூல் ரூம் வேலையிலிருந்து வந்து, காலைக் கழுவிக்கொண்டே கேட்டார். "ஏளா, ஊர்ல உள்ள பிள்ளையள எல்லாம் விட்டுப்போட்டு நம்ம பயலத்தான் பிடிச்சியா? அடுத்தவன் பீ மூத்திரம் அள்ளுததுக்கா இவனுக்கு இங்கிலீஷ் மீடியம்?" என்றார். நான் அந்த வேலையைச் செய்துதானே பாதி வீட்டை நடத்துகிறேன் என்றேன். "நீ பொம்பளை. அது வேற" என்று துண்டை உதறிப்போட்டுவிட்டுப் போனார். கொஞ்ச நாள் உன்னோடு பேசவில்லை. டூல் ரூமில் கேட்டவர்களுக்கு எல்லாம் "பையன் மெடிக்கல் லைன்ல போறான்" என்று சொல்லிவைத்தார். அதை நம்பி இரண்டாவது பிளாக் மாமி ஒரு டப்பா மைசூர்பாகோடு வந்து, எம்.பி.பி.எஸ். சீட்டு எப்படிக் கிடைத்தது, எவ்வளவு செலவு என்று கேட்டாள். மைசூர்பாகை வாங்கி வைத்துக்கொண்டு நான்தான் உண்மையைச் சொன்னேன். அவள் டப்பாவை மட்டும் திருப்பி வாங்கிக்கொண்டு போனதை நினைத்தால் இப்போதும் சிரிப்பு வருகிறது.

படிக்கிற காலத்தில் நீ பட்டதை நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். பெண்களுக்கு ஹாஸ்டல் இருந்தது, உங்களுக்கு இல்லை. விடிகிறதுக்கு முன்னால் குஷாய்குடாவில் பஸ் ஏறி வந்தாய். உடன் படிக்கிற பெண்கள் பிரசவ வார்டுக்குப் போனபோது உங்களை அந்தப் பக்கம் விடாமல் மனநோய் ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார்கள். வார்டில் "சிஸ்டர்!" என்று கூப்பிட்டால் நீ போய் நிற்பாய். கூப்பிட்டவர் உன்னைப் பார்த்துவிட்டு "சிஸ்டரைக் கூப்பிடப்பா" என்பார். சிலர் உன்னை டாக்டர் சாப் என்பார்கள், சிலர் ஏய் வார்டு பாய் என்பார்கள். உன் வேலையின் பெயரைச் சொல்லி ஒருவரும் கூப்பிட்டதில்லை. நானும் சும்மா இருந்தேனா? என் பிள்ளை என்று யாரும் பேசிவிடக் கூடாதென்று உன்னைத்தான் அதிகம் குடைந்தேன். படுக்கை விரிப்பில் ஒரு சுருக்கம் இருந்ததற்காக எல்லாப் பெண்களுக்கும் முன்னால் உருவிப் போட்டு மறுபடி விரிக்கச் சொன்னேன். நீயும் விரித்தாய். வீட்டுக்கு வந்ததும் "ஹவ் மேடம், சரிங்க மேடம்" என்று என்னைக் கேலி செய்தாய். அந்தக் கேலி இருந்த வரைக்கும் எனக்குப் பயம் இல்லை.

உன் பெஞ்சில் இருந்த மற்றவர்கள் போன வழியைப் பார். நான் வளைகுடா ஆசை காட்டிக் கூட்டிவந்தவன் வளைகுடாவுக்குப் போனான், அங்கே ஒரு எண்ணெய்க் கம்பெனி கிடங்கில் கணக்குப் பார்க்கிறானாம். சூப்பரின்டெண்டு ஆகலாம் என்று நான் சொன்னதை நம்பியவன், மேலே ஏற அத்தனையும் பெண்களுக்கான படிகள் என்று கண்டுகொண்டு மருந்துக் கம்பெனிப் பையைத் தூக்கிக்கொண்டான். இன்னொருவனைக் கல்யாணத்துக்காக மாமனார் தன் ஹார்ட்வேர் கடைக்கே இழுத்துக்கொண்டார். அவர்கள்மேல் தப்பே கிடையாது. நான் என்னத்தைச் சொல்லிக் கூப்பிட்டேனோ அதற்காக வந்தார்கள், அது கிடைக்காதபோது போனார்கள். நீ மட்டும் ஆம்பிளைகள் சர்ஜிகல் வார்டில் நின்றாய். ஏன் நின்றாய் என்று நான் கேட்டதே இல்லை, நீயும் சொன்னதில்லை.

இனி எழுதப்போகிறதை எழுதத்தான் இத்தனை சுற்றி வந்தேன்.

போன தீபாவளிக்கு முன்னாலிருந்தே அப்பா அவருடைய உள்துணிகளை அவரே துவைக்க ஆரம்பித்திருந்தார். விடியற்காலையில் எழுந்து குளியலறையில் குழாயைத் திறந்து வைத்துக்கொண்டு துவைப்பார். கல்யாணமான நாளிலிருந்து தன் தட்டைத் தானே கழுவாத மனிதர். நான் அதைப் பார்த்து என்ன நினைத்தேன் தெரியுமா? வயசாக ஆக மனுஷனுக்கு அறிவு வருகிறது, பெண்டாட்டிக்குக் கை வலிக்கும் என்று தெரிகிறது என்று நினைத்தேன். மாடி வீட்டுக்காரியிடம் பெருமை வேறு பேசினேன். "எங்க வீட்டுக்காரர் அவர் துணியை அவரே துவைச்சிக்கிடுதாரு, நீயும் உங்க ஆளைப் பழக்கு" என்றேன். வார்டில் ஒரு நோயாளி தன் விரிப்பை ஒளித்தால் ஏன் ஒளிக்கிறான் என்று மாணவிகளுக்குப் பாடம் எடுக்கிறவள் நான். என் வீட்டுக் கொடியில் தொங்கிய துணி எனக்கு ஒன்றும் சொல்லவில்லை.

கம்பெனி ஆஸ்பத்திரிக்கு அவர் ஏன் போகவில்லை என்று பின்னால் புரிந்தது. சீட்டு எழுதும் இடத்திலேயே என்ன தொந்தரவு என்று நர்ஸ் கேட்பாள். அந்த நர்ஸ் அவரோடு வேலை செய்கிறவரின் மனைவி, பொங்கலுக்கு நம் வீட்டில் வந்து சாப்பிட்டவள். அவளிடம் போய் சிறுநீரில் ரத்தம் போகிறது என்று எப்படிச் சொல்வார்? என்னிடமே சொல்லவில்லையே. இத்தனை வருஷம் ஒரே கூரைக்குக் கீழே குடித்தனம் செய்து, ஒரு நர்ஸுக்குப் பக்கத்திலேயே படுத்துத் தூங்கி எழுந்த மனிதர் என்னிடமிருந்துதான் மறைத்தார்.

உகாதிக்கு மறுநாள் சிறுநீர் அடைத்துக்கொண்டு அவர் துடித்ததையும், ஆட்டோவில் நீ அவரை மடியில் தாங்கிக்கொண்டு வந்ததையும் நான் உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. நம் ஆஸ்பத்திரி கேஷுவாலிட்டியில் டாக்டர் கேட்டார், "எவ்வளவு நாளா ரத்தம் போகுது?" என்று. அப்படியெல்லாம் ஒன்றுமில்லை டாக்டர், இன்றைக்குத்தான் என்று நான் சொல்ல வாயெடுத்தேன். உன் குரல் எனக்குப் பின்னாலிருந்து வந்தது. "தீபாவளிலேர்ந்து சார். அதுக்கு முன்னாடியும் இருந்திருக்கு. என்கிட்ட சொன்னது தீபாவளிக்கு" என்றாய். அப்பா கண்ணை மூடிக்கொண்டார். நான் உன்னைப் பார்த்தேன். நீ டாக்டரையே பார்த்துக்கொண்டிருந்தாய்.

அதற்குப் பிறகு நடைபாதையில் நான் உன்னைக் கேட்டதை இங்கே எழுதித்தான் ஆக வேண்டும், ஏனென்றால் நீ வீட்டை விட்டுப் போனதே அதனால்தான். "நீ இவருக்கு மகனா, நர்ஸா? தெரிஞ்சும் எங்கிட்ட சொல்லாம எப்பிடிடா என் கையால சோறு வாங்கித் தின்னே?" என்றேன். அந்தப் பக்கம் போன மாணவிகள் எல்லாரும் நின்றுவிட்டார்கள். நீ கத்தவில்லை. "படுக்கையில சொன்னது வார்டு வாசலைத் தாண்டக் கூடாதுன்னு நீதானே மா சொல்லிக்குடுத்தே? அவர் சத்தியம் வாங்கினார் மா. சொன்னா மாத்திரையும் போடமாட்டேன், டாக்டர்கிட்டயும் வரமாட்டேன்னார்" என்றாய். பதில் வராதபோது கோபம் இன்னும் அதிகமாக வரும், என் குணம் உனக்குத் தெரியும். அதற்கப்புறம் சொன்னதெல்லாம் அந்தக் கோபத்தில் சொன்னது.

நீ என்னிடம் சொல்லியிருக்க வேண்டும் என்றுதான் நான் இன்றைக்கும் நினைக்கிறேன். சாமி முன்னால் நிறுத்திக் கேட்டாலும் அதைத்தான் சொல்வேன். நான் அழுது புரண்டாவது அவரைப் பொங்கலுக்கு முன்னாலேயே கூட்டிப்போயிருப்பேன். டாக்டர் என்னமோ, கட்டி பழசு அம்மா, அவர் பையனிடம் சொன்ன அன்றைக்கே வந்திருந்தாலும் பெரிய வித்தியாசம் இருந்திருக்காது என்றார். அதை நான் பாதி நம்புகிறேன், பாதி நம்பவில்லை. ராத்திரி படுத்தால் நம்பாத பாதிதான் முழித்துக்கொண்டிருக்கிறது. உனக்கும் அப்படித்தான் இருக்கும் என்று நினைக்கிறேன். அதனால்தான் அந்த வெள்ளை உடுப்பைக் கழற்றி எறியப் பார்க்கிறாய். ஸ்டோர்ஸில் நட்டையும் போல்ட்டையும் எண்ணிக்கொண்டு இருந்தால் எந்த மனுஷனும் வந்து உன்னிடம் எதையும் சொல்லமாட்டான், நீயும் எதையும் சுமக்க வேண்டியதில்லை. சரிதானே?

அப்பா உன்னிடம் எப்படிச் சொன்னார் என்று எனக்குத் தெரியாது என்றுதான் நீ நினைத்துக்கொண்டிருக்கிறாய். தெரியும். ஆடி மாதம், வார்டில் கடைசி நாட்களில் அவரே சொன்னார். தீபாவளிக்குத் துணி எடுக்க உன் ஸ்கூட்டரில் பின்னால் உட்கார்ந்து போனாராம். ஹப்சிகுடாவிலிருந்து மனசுக்குள்ளேயே சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்து, தார்நாகா தாண்டின பிறகு உன் முதுகைப் பார்த்துச் சொன்னாராம். நீ ஓரமாக நிறுத்தப் போனாயாம். "ஓட்டுலே, நிறுத்தாத. உன் மொகத்தப் பாத்தா எனக்குச் சொல்ல வராது" என்றாராம். கடை வரைக்கும் நீ மெதுவாக ஓட்டிக்கொண்டே என்னென்ன கேட்க வேண்டுமோ எல்லாம் கேட்டாயாம். எப்போதிருந்து, வலி உண்டா, எரிச்சல் உண்டா, நிறம் எப்படி என்று. "ஏளா, பயல் ஒரு தடவ கூடத் திரும்பிப் பாக்கல. டாக்டர் கூட அப்பிடிக் கேட்டிருக்கமாட்டான்" என்றார். பிறகு நீ அவரைக் கெஞ்சினதையும், அவர் டெஸ்பாட்ச் முடியட்டும், ஆடிட் முடியட்டும், பொங்கல் கழியட்டும் என்று தள்ளிப்போட்டதையும், சர்ஜனிடம் நீ இரண்டு தடவை நேரம் வாங்கி அவர் இரண்டு தடவையும் வராமல் ஏமாற்றியதையும் சொன்னார். இதையெல்லாம் நீ என்னிடம் சொல்லித் தப்பித்திருக்கலாம். நடைபாதையில் நான் அத்தனை பேச்சுப் பேசினபோதும் நீ அவரைக் காட்டிக்கொடுக்கவில்லை.

அந்த வார்டில் எனக்கு நடந்ததை நான் யாரிடமும் சொன்னதில்லை. குழாய் போட்டிருந்த இடத்தைச் சுத்தம் செய்ய நீ திரையை இழுத்தபோது நானும் உள்ளே வந்தேன். எனக்கு இல்லாத உரிமையா? அப்பா போர்வையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, "நீ வெளிய இரு. அவன் பாத்துக்கிடுவான்" என்றார். வெளியே வந்து நின்றேன். ஊரில் உள்ளவர்களின் புருஷன்மாரை எல்லாம் கழுவித் துடைத்துவிட்டவள், என் புருஷனுக்குத் திரைக்கு இந்தப் பக்கம் நின்றேன். உள்ளே நீங்கள் இருவரும் எதற்கோ சிரித்தீர்கள். எனக்கு வயிறு எரிந்தது. பொறாமைதான், வேறென்ன? அன்றைக்குத்தான் பழைய நோயாளிகளின் முகங்கள் எல்லாம் ஞாபகத்துக்கு வந்தன. நான் துடைத்துவிடும்போது எத்தனையோ ஆம்பிளைகள் கண்ணை மூடிக்கொண்டு கிடந்திருக்கிறார்கள். தூங்குகிறார்கள் என்று நான் நினைத்திருந்தேன். அவர்கள் எல்லாரும் எதையெல்லாம் என்னிடம் சொல்லாமல் வீட்டுக்குப் போனார்கள் என்று எண்ணிப் பார்த்தால் எனக்குப் பயமாக இருக்கிறது.

போன வாரம் பிரின்சிபால் அம்மா கூப்பிட்டனுப்பினார். இந்த வருஷம் பையன்களிடமிருந்து வந்தது ஒரே ஒரு விண்ணப்பம், அவனும் இன்டர்வியூவுக்கு அப்புறம் பேரை வாபஸ் வாங்கிவிட்டான். "உங்க மகனும் போயிட்டா, வார்டுல காட்டறதுக்குக்கூட எனக்கு ஒரு ஆள் இல்ல. அடுத்த வருஷத்திலிருந்து பெண்களுக்கு மட்டும்னு போட்டுடறேன்" என்றார். அவரைக் குறை சொல்ல முடியாது. நான் இன்னும் ஒரு தடவை காலேஜ்களுக்குப் போகிறேன் என்று கேட்டேன். இந்தத் தடவை என்ன சொல்வீர்கள் என்றார். தூக்கிப் புரட்ட பலமான கை வேண்டும் என்று சொல்லமாட்டேன், வளைகுடாவைச் சொல்லமாட்டேன் என்றேன். வேறு என்ன சொல்வீர்கள் என்று மறுபடி கேட்டார். ஒரு ஆம்பிளை வெட்கப்பட்டே செத்துப்போகலாம், அவன் பேசுவதற்கு ஒரு ஆள் வேண்டும் என்று சொல்வேன் என்றேன். அதைக் கேட்டு எந்தப் பையன் வருவான் என்று அவரும் கேட்கவில்லை, நானும் யோசிக்கவில்லை. வரமாட்டார்கள் என்றுதான் தோன்றுகிறது. ஆனால் அப்படி வருகிறவன் நிற்பான்.

வீட்டைப் பற்றிக் கவலைப்படாதே. நீ கையெழுத்துப் போடாவிட்டால் குவார்ட்டர்ஸைக் காலி செய்ய வேண்டிவரும் என்பதற்காக எனக்கு இரக்கப்பட்டு எதையும் செய்யாதே. ஒரு தடவை எனக்காக இரக்கப்பட்டுக் கையைத் தூக்கினாய், அது போதும். நர்ஸ்கள் ஹாஸ்டலில் ட்யூட்டர்களுக்கு ஒரு அறை உண்டு, கேட்டுவைத்திருக்கிறேன். கிரைண்டரையும் அப்பாவின் மேஜையையும் எங்கே வைப்பது என்பதுதான் பிரச்சினை. உன் கல்யாணமும் நடக்கும். நர்ஸ் என்றால் வேண்டாம் என்கிற வீட்டிலேயே பெண் எடுத்தாலும், நாளைக்கு அந்த மாமனாருக்குப் படுக்கையில் ஏதாவது வந்தால் உன்னைத்தான் கூப்பிடுவார்கள், பார்த்துக்கொண்டே இரு. உனக்கே இந்த வேலை வேண்டாம், வார்டை நினைத்தாலே குமட்டுகிறது என்றால், தாராளமாகப் போ. நான் தடுக்கமாட்டேன். ஆனால் நான் கேட்ட ஒரு கேள்விக்குப் பதிலாகப் போகாதே. மகனா நர்ஸா என்று கேட்டேன். உன் அப்பாவுக்கு அந்த வித்தியாசம் தெரியவில்லை, எனக்குத்தான் தெரிய வேண்டியிருந்தது.

இதை எல்லாம் எழுதி முடித்து ஒட்டிவிடலாம் என்றுதான் இருந்தேன். சாயங்காலம் யாதகிரி வந்தார். அப்பாவோடு டூல் ரூமில் இருந்தவர், நம் பிளாக்கின் கடைசி வீடு. இழவுக்கு வந்தபோது பாடையைத் தூக்கினவர். நாற்காலியில் முன்னால் நகர்ந்து உட்கார்ந்துகொண்டு, "பாபு லேடா அம்மா?" என்றார். நீ இல்லை என்றேன். டீ போட்டுக் கொடுத்தேன். பிள்ளையார் பந்தலைப் பற்றிப் பேசினார், மழையைப் பற்றிப் பேசினார். ஒரு டம்ளர் டீ குடித்து முடிப்பதற்குள் இரண்டு தடவை எழுந்து பாத்ரூம் போய்வந்தார். வந்து உட்காரும்போது பல்லைக் கடித்துக்கொண்டார். நான் பார்த்துவிட்டேன். "என்ன அண்ணா, உடம்புக்கு என்ன? எங்கிட்ட சொல்லுங்க, நானும் நர்ஸ்தானே" என்றேன். "ஏம் லேதம்மா, ஒண்ணும் இல்ல" என்று தரையைப் பார்த்தார். என் சேலைக் கரையைப் பார்த்துக்கூட அந்த மனிதரால் சொல்ல முடியவில்லை. டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, "பாபு எப்ப வருவான்?" என்று கேட்டார்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் வருவான் என்று சொல்லிவிட்டேன். உன்னைக் கேட்காமல்தான் சொன்னேன். கேட்க எனக்கு நேரமில்லை, அவருக்கும் அதிக நேரம் இருக்காது என்று என் மனசு சொல்கிறது. பத்து மணிக்கு வருவார். நீ அதற்கு முன்னால் வந்து, குளித்து, முகத்தைச் சவரம் செய்துகொள். திங்கட்கிழமையைப் பற்றி அதற்கப்புறம் நீயே முடிவு செய். அவர் வந்ததும் நான் கூடையை எடுத்துக்கொண்டு காய் வாங்கப் போய்விடுவேன். மெதுவாகத்தான் திரும்புவேன். அவர் உன்னிடம் என்ன சொன்னார் என்று நான் கேட்கமாட்டேன்.

உன் அம்மா